சிறுதேரும் காப்பும்
வாடகைக் காரில் செல்லும் குழந்தைகள் பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

பிள்ளைத்தமிழ் என்னும் சிற்றிலக்கியம் குழந்தைப் பருவத்தைப் பத்தாகப் பகுத்துப் பாடுவது. ஆண்பாற் பிள்ளைத்தமிழில் முதலாவது காப்புப் பருவம். பத்தாவது சிறுதேர்ப் பருவம். குழந்தையைக் காக்குமாறு தெய்வங்களை வேண்டித் தொடங்கும் நூல், அக்குழந்தை சிறுதேர் உருட்டி விளையாடும் நிலையோடு நிறைவு பெறுகின்றது. காப்பில் தொடங்கித் தேரில் முடியும் இவ்வமைப்பு, இன்றைய பெற்றோர்க்கும் ஆசிரியர்க்கும் ஒரு வினாவை எழுப்பக் கூடியது. குழந்தை உண்மையாகவே தேரேறிச் செல்லும்பொழுது அதற்குக் காப்பாவது யாது?

பழந்தமிழ் நூல்களில் வரும் சிறுதேர் குழந்தையை ஏற்றிச் செல்லும் ஊர்தியன்று. குறுந்தொகைப் பாட்டொன்று, மரவேலை வல்லான் செய்து தந்த விளையாட்டு வண்டியைக் குறிப்பிடுகின்றது. அதன்மேல் அமர்ந்து செல்ல இயலாவிட்டாலும், கையாற் பற்றி இழுப்பதிலேயே சிறுவர் இன்பம் கண்டனர் என்பது அப்பாட்டில் வரும் உவமை. பட்டினப்பாலையிலும் காவிரிப்பூம்பட்டினத்துச் சிறுவரின் மூன்று உருளைத் தேர் இடம்பெறுகின்றது. அதற்குக் குதிரை இல்லை. அந்தத் தேர்களின் வேகம் குழந்தையின் காலுக்கு உள்ள வேகமே. இடறி விழுந்தால் முழங்கால் சிராயும். அதற்கு மேல் தீங்கில்லை.

இன்றைய நிலை வேறு. மலேசியாவில், பகாங் மாநிலத்துக் கேமரன் மலையில், பிரிஞ்சாங்கிற்கும் கம்போங் ராஜாவிற்கும் இடைப்பட்ட சாலையோரத்தில் அமைந்த சிற்றூர் திரிங்காப். சுற்றிலும் காய்கறித் தோட்டங்கள். சற்றுத் தொலைவில் தேயிலைத் தோட்டங்கள். இத்தகைய மலையூர்களில் சொந்தக் கார் இல்லாத குடும்பத்துப் பிள்ளைக்குப் பள்ளியும் மருத்துவமனையும் கடைத்தெருவும் எட்டுவது பெரும்பாலும் வாடகை வண்டியினால்தான். வளைந்து வளைந்து செல்லும் சாலை, பிற்பகலில் மழை, மழை விட்டதும் மூடுபனி. இச்சாலையில் நாற்பது கிலோமீட்டர் வேகத்தில் செல்லும் வண்டிக்குள் இருக்கும் குழந்தைக்கு உரிய காப்பு எவ்வாறு தோன்றிற்று, எவ்விடத்தில் நின்றுவிட்டது என்பதே இங்கு ஆராயப்படும் பொருள்.

நடையிலிருந்து வண்டிக்கு

கேமரன் மலைக்குப் பெயர் தந்தவர் வில்லியம் கேமரன் என்னும் நில அளவையாளர். அவர் 1885ஆம் ஆண்டில் இப்பகுதியை ஆராய வந்தார். ஆயினும் அடுத்த நாற்பது ஆண்டுகள் இங்கே வண்டி ஏற வழியில்லை. தாப்பாவிலிருந்து தானா ராத்தாவிற்கு மலையைக் குடைந்து செதுக்கிய சாலை 1931ஆம் ஆண்டில் முடிவுற்றது. அதற்கு இரண்டாண்டுகளுக்கு முன்பே, 1929இல், ஜே. ஏ. ரஸ்ஸல் என்பார் போ தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கியிருந்தார். தோட்டம் வந்தது; தமிழ்த் தொழிலாளர் வந்தனர்; லயங்கள் எழுந்தன.

அக்காலத் தோட்டத்துப் பிள்ளைக்கு வண்டி தேவைப்படவில்லை. கூட்டு மலாய் மாநிலங்களின் 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டத் தொகுப்பு, ஏழு முதல் பதினான்கு வயதுக்குட்பட்ட பிள்ளைகள் பத்துப் பேர் உள்ள தோட்டத்தில் பள்ளி அமைக்குமாறு நிருவாகத்தைப் பணிக்க வழிசெய்தது. அப்பள்ளிகளின் தரம் பற்றிக் குறை கூற நிறைய உண்டு. ஒரே ஆசிரியர், ஒரே கூரை, பல வகுப்புகள் என்ற நிலையே பரவலாக இருந்தது. எனினும் அவற்றில் ஒரு நன்மை அடங்கியிருந்தது: பள்ளி லயத்தின் அருகில் இருந்தது. கைக்குழந்தை ஆயாக் கொட்டகையில் இருந்தது. மூத்த பிள்ளை நடந்து பள்ளி சென்றது. தோட்ட எல்லைக்குள்ளேயே குழந்தையின் நாள் விடிந்து முடிந்தது.

நாடு 1957இல் விடுதலை பெற்றபின் இவ்வெல்லை விரிந்தது. ஆறாம் வகுப்போடு கல்வி முடிந்த காலம் போய், இடைநிலைப் பள்ளிக்குப் பட்டணம் செல்லும் காலம் வந்தது. பல தோட்டங்களில் குடும்பங்கள் குறைந்தன. வெளியூரில் குடியேறிய பெற்றோர் தம் பிள்ளையைத் தோட்டத்துத் தமிழ்ப்பள்ளிக்கே வண்டியில் அனுப்புவதும் வழக்கமாயிற்று. தடுப்பூசிக்கும் காய்ச்சலுக்கும் தானா ராத்தா மருத்துவமனைக்குப் போக வேண்டும். இவ்வாறு, நடந்த குழந்தை வண்டியேறிற்று. அந்த வண்டி முதலில் லாரியாகவும் லேண்ட் ரோவராகவும் இருந்தது; பின்னர் வாடகைக் காரும் வேனும் ஆயிற்று.

இம்மாற்றம் கல்விக்கு நன்மை செய்தது. ஆனால், பள்ளி அருகில் இருக்க வேண்டும் என்று சட்டம் இயற்றியதைப் போல், தொலைவிலுள்ள பள்ளிக்குச் செல்லும் வண்டி குழந்தைக்கு ஏற்றதாய் இருக்க வேண்டும் என்று எவரும் அப்பொழுதே எண்ணியதாகத் தெரியவில்லை.

வளைவும் வேகமும்

வண்டியிலிருந்து வீசியெறியப்பட்டு இறத்தல் என்பது மோட்டார் யுகத்தின் தொடக்கத்திலேயே நிகழ்ந்த கேடு. அயர்லாந்தில் 1869ஆம் ஆண்டு ஆகஸ்டு 31ஆம் நாள், மேரி வார்ட் என்னும் அறிவியல் அறிஞர் உறவினரின் நீராவி வண்டியில் சென்றபொழுது, வளைவொன்றில் கீழே வீசப்பட்டுச் சக்கரத்தில் அகப்பட்டு உயிரிழந்தார். பொறியூர்தியால் உயிர் நீத்தவருள் முதல்வராக அவரையே வரலாற்றாசிரியர் குறிப்பிடுவர். அன்று வண்டி சென்றது மெதுவாகத்தான். குற்றம் வேகத்தில் மட்டும் இல்லை. வண்டி திரும்பியது, உடல் திரும்பவில்லை என்பதே காரணம்.

இதனை வகுப்பறையில் விளக்குவது எளிது. மணிக்கு 40 கிலோமீட்டர் வேகத்தில் செல்லும் காரில் இருக்கும் குழந்தையும் அதே வேகத்தில் செல்கின்றது. கார் மண்மேட்டில் மோதி நின்றால் நிற்பது கார் மட்டுமே. உள்ளிருக்கும் உடல் தொடர்ந்து முன்னே செல்லும். அவ்வேகத்தில் முன்னிருக்கையின் முதுகில் மோதுவது, ஏறத்தாழ 20 அடி உயரத்திலிருந்து விழுவதற்கு ஒப்பாகும். இருபதடி உயர மரக்கிளையில் குழந்தையை அமர்த்திவிட்டு எந்தத் தாயும் நிம்மதியாய் இருக்க மாட்டாள். காரின் பின்னிருக்கையில் கட்டாமல் நிறுத்தி வைக்கும்பொழுது அவ்வச்சம் தோன்றுவதில்லை. ஏனெனில் உயரம் கண்ணுக்குத் தெரிகின்றது, வேகம் தெரிவதில்லை.

‘மடியில் வைத்திருக்கிறேனே’ என்பது தாய்மார் கூறும் விடை. மடியைவிடப் பாதுகாப்பான இடம் குழந்தைக்கு இல்லை என்பது தலைமுறை தலைமுறையாக வந்த நம்பிக்கை. வீட்டில் அது மெய்யே. மோதும் வண்டியில் அஃது மெய்யன்று. மேற்கூறிய வேகத்தில் கார் அரை மீட்டர் நசுங்கி நிற்பதாகக் கொண்டால், உள்ளிருக்கும் பொருள் ஒவ்வொன்றும் அக்கணத்தில் தன் எடையைப்போல் ஏறத்தாழ 12 மடங்கு விசையோடு முன்னே பாயும். 10 கிலோ எடையுள்ள குழந்தையைப் பிடித்து நிறுத்த 120 கிலோவைத் தாங்கும் கை வேண்டும். எந்தத் தாயின் அன்பும் குறைந்ததன்று; எந்தத் தாயின் கைக்கும் அவ்வலிமை இல்லை. தாயும் வார் அணியாதிருந்தால், அவள் உடலே குழந்தையை முன்னிருக்கையோடு சேர்த்து நெரிக்கும். தாயையும் சேயையும் ஒரே வாருக்குள் அடக்கினாலும் இதே கேடு நேரும்.

மடியைப் பற்றிய இவ்வுண்மை சட்டத்தில் ஏறுவதற்கும் காலம் சென்றது. அமெரிக்காவின் டென்னசி மாநிலத்தில் ராபர்ட் சாண்டர்ஸ் என்னும் குழந்தை மருத்துவரின் விடாமுயற்சியால், குழந்தைகளைப் பாதுகாப்பு இருக்கையில் அமர்த்த வேண்டும் என்னும் சட்டம் 1977இல் நிறைவேறி 1978 ஜனவரியில் நடப்புக்கு வந்தது. அந்நாட்டில் அத்தகைய முதற்சட்டம் அதுவே. ஆனால் சட்டமன்றம் அதில் ஒரு விலக்கையும் சேர்த்திருந்தது: பெரியவர் கையில் ஏந்திய குழந்தைக்கு இருக்கை வேண்டா. மருத்துவர் இதனைக் கடுமையாக எதிர்த்தார். குழந்தையைக் காக்க வந்த சட்டமே குழந்தையை நசுக்க இடம் தருகின்றது என்பது எதிர்த்தோர் வாதம். 1981இல் அவ்விலக்கு நீக்கப்பட்டது. 1985ஆம் ஆண்டிற்குள் அந்நாட்டின் மாநிலங்கள் யாவும் இவ்வகைச் சட்டம் செய்துவிட்டன. ஒரு நல்ல சட்டத்தின் பயன் அதன் விலக்கினால் குறையக்கூடும் என்பதற்கு இது தக்க சான்று. அந்நினைவு பின்னரும் வேண்டப்படும்.

பருவத்திற்கேற்ற இருக்கை

இன்று எல்லாக் கார்களிலும் காணப்படும் மூன்று முனை வாரை 1959இல் வால்வோ நிறுவனத்திற்காக அமைத்தவர் நில்ஸ் போலின் என்னும் சுவீடன் நாட்டுப் பொறியாளர். அந்நிறுவனம் தன் காப்புரிமையைப் பூட்டி வைக்காமல் பிறரும் பயன்கொள்ள விட்டது. வார் அணிவதை முதன்முதலாகக் கட்டாயமாக்கியது ஆஸ்திரேலியாவின் விக்டோரியா மாநிலம், ஆண்டு 1970.

இவ்வார் வளர்ந்தவர் உடலுக்கு அளந்து செய்யப்பட்டது. குழந்தை, சிறிதாக்கப்பட்ட பெரியவர் அன்று. பிறந்த குழந்தையின் தலை அதன் நீளத்தில் நான்கில் ஒரு பங்கு. கழுத்தோ மிக மென்மையானது. இடுப்பெலும்பு வாரைத் தாங்கும் அளவிற்கு முற்றியிருக்காது. ஆகவே பெரியவர் வாரைச் சிறு குழந்தைக்கு இட்டால், அது தோளில் நில்லாது கழுத்தில் விழும். இடுப்பில் நில்லாது வயிற்றில் ஏறும்.

சுவீடனில் பெர்டில் ஆல்ட்மன் என்னும் பேராசிரியர் 1960களில் வேறொரு வழி கண்டார். விண்வெளி வீரர் தம் கலத்தில் முதுகு முழுவதாலும் விசையைத் தாங்குமாறு கிடப்பதை அவர் நோக்கினார். குழந்தையையும் வண்டி செல்லும் திசைக்கு முதுகு காட்டி அமர்த்தினால், மோதும்பொழுது தலையும் கழுத்தும் முதுகும் ஒன்றாகத் தாங்கப்படும் எனக் கொண்டு, பின்னோக்கிய இருக்கையை உருவாக்கினார். பின்னர் 1981இல் ஐக்கிய நாடுகளின் 44ஆம் எண் ஒழுங்குமுறை நடப்புக்கு வந்து, குழந்தை இருக்கைகளை எடைக்கேற்பப் பிரித்தது: 10 கிலோ வரை, 13 கிலோ வரை, 9 முதல் 18 வரை, 15 முதல் 25 வரை, 22 முதல் 36 கிலோ வரை. 2013இல் வந்த 129ஆம் எண் ஒழுங்குமுறை உயரத்தை அளவாகக் கொண்டது. 15 மாதம் கடக்கும் வரையில் குழந்தை பின்னோக்கியே அமர வேண்டும் எனவும் விதித்தது.

தமிழாசிரியர்க்கு இப்பகுப்பு புதிதாகத் தோன்றாது. செங்கீரையில் தலை நிமிர்த்தி ஆடும் குழந்தை வேறு. சப்பாணியில் உட்கார்ந்து கைகொட்டும் குழந்தை வேறு. வருகையில் தளர்நடை இடும் குழந்தை வேறு. சிறுதேர் உருட்டும் பிள்ளை வேறு எனப் புலவர்கள் கண்டு வைத்தனர். ஒரு பருவத்திற்கு உரியது மற்றொரு பருவத்திற்குப் பொருந்தாது என்ற அதே நோக்கினையே இருக்கை செய்வோரும் அடைந்தனர். கழுத்து உறுதிப்படாத குழந்தைக்குப் பின்னோக்கிய இருக்கை. நன்றாக அமரும் குழந்தைக்குத் தனி வார்களோடு கூடிய முன்னோக்கிய இருக்கை. பள்ளிப் பிள்ளைக்குப் பெரியவர் வார் சரியாகப் பொருந்துமாறு உடலை உயர்த்தும் மேடையிருக்கை.

சட்டமும் அதன் எல்லையும்

மலேசியாவில் ஓட்டுநரும் முன்னிருக்கைப் பயணியும் வார் அணிய வேண்டும் என்னும் விதி 1979 ஏப்ரல் முதல் நாள் நடப்புக்கு வந்தது. பின்னிருக்கைக்கு அவ்விதி வர மேலும் முப்பது ஆண்டுகள் சென்றன. அது 2009 ஜனவரி முதல் நாள் வந்தது. குழந்தைப் பாதுகாப்பு இருக்கை 2020 ஜனவரி முதல் நாள் கட்டாயமாயிற்று. பெரியவர், பின்னிருக்கையினர், குழந்தை என்ற வரிசையில் காப்பு வந்துள்ளதை நோக்குக. மென்மையான உடலுக்கே காப்பு கடைசியாகக் கிடைத்தது.

அந்த 2020ஆம் ஆண்டு விதியும் தனியார் வண்டிகளுக்கே உரியதாக வந்தது. டாக்ஸியும் பேருந்தும் சரக்கு வண்டியும் அதன் எல்லைக்கு அப்பால் நின்றன.

இது மலேசியாவிற்கு மட்டும் உரிய குறையன்று. சிங்கப்பூரில் 1.35 மீட்டருக்குக் குறைந்த உயரமுள்ளோர்க்குத் தக்க இருக்கை வேண்டும். ஆயினும் டாக்ஸிக்கு அங்கு விலக்குண்டு. முன்பதிவில் ஓடும் தனியார் வாடகைக் காருக்கோ அவ்விலக்கு இல்லை. பிரிட்டனிலும் தக்க இருக்கை இல்லாத டாக்ஸியில் குழந்தை பின்னிருக்கையில் செல்லலாம். மூன்று வயதிற்கு மேற்பட்டது பெரியவர் வாரை அணிய வேண்டும் என்பது விதி.

இவ்விலக்கிற்குக் கூறப்படும் காரணம் வலுவற்றதன்று. டாக்ஸி தெருவில் கைகாட்டினால் நிற்கும் வண்டி. அடுத்து ஏறப்போவது யார் என்று ஓட்டுநர் அறியார். கைக்குழந்தையா, மூன்று வயதா, எட்டு வயதா, குழந்தையே இல்லையா என்பது தெரியாதபொழுது, எல்லா அளவு இருக்கைகளையும் அவர் எங்கே வைப்பார்? வைத்தால் பயணியின் பெட்டிக்கு இடம் ஏது? சட்டம் இதனை வற்புறுத்தினால், குழந்தையோடு நிற்கும் தாயைக் கண்டு டாக்ஸிகள் நில்லாமற் போகும். மழையில் சாலையோரம் நிற்பதும் குழந்தைக்குக் கேடே. நகரத்துத் தெருவை நோக்க, இவ்வாதம் ஏற்கத்தக்கதே.

தோட்டத்திற்கு அக்காரணம் பொருந்துமா?

ஆனால் மலைத்தோட்டத்து வாடகைக் கார் அத்தகையதா என்பதே கேள்வி. திரிங்காப்பிலும் கம்போங் ராஜாவிலும் புளூ வேலி, சுங்கை பாலாஸ் போன்ற தோட்டங்களை ஒட்டிய சாலைகளிலும், பள்ளிப் பிள்ளைக்கான வண்டி கைகாட்டி நிறுத்தும் வண்டியன்று. மாதக் கூலிக்குப் பேசிவைத்த வண்டி. ஓட்டுநர் பிள்ளைகளின் பெயரை அறிவார். எவருக்கு எத்தனை வயது, எவர் எங்கே இறங்குவர், எவருக்கு மலைச்சாலையில் தலைசுற்றும் என்பதும் அவருக்குத் தெரியும். ஒவ்வொரு பள்ளி நாளும் அதே பிள்ளைகள், அதே நேரம், அதே சாலை. மருத்துவமனைக்குச் செல்லும் வண்டியும் முதல் நாளே சொல்லிவைத்துப் பிடிப்பதுதான். அடுத்து யார் ஏறுவர் என்று தெரியாது என்னும் காரணம் இங்கே எழவே இடமில்லை.

ஆகவே, நகரத்து டாக்ஸிக்கு அளித்த விலக்கு தோட்டத்துப் பிள்ளையின் மேல் வந்து விழுகின்றது. விலக்கின் காரணமோ அப்பிள்ளைக்குச் சிறிதும் பொருந்துவதில்லை. சொந்தக் கார் உள்ள வீட்டுக் குழந்தைக்குச் சட்டம் இருக்கை தந்தது. கார் இல்லாத வீட்டுக் குழந்தை, அதே சாலையில், அதே வளைவில், அதே பனியில், கட்டப்படாமல் செல்கின்றது. இரண்டு குழந்தைகளின் கழுத்தெலும்பும் ஒரே மென்மையுடையதே.

மலைச்சாலை எத்தகைய இழப்பைத் தரவல்லது என்பதைக் கேமரன் மலை அறியும். 2010 டிசம்பர் 20ஆம் நாள், சிம்பாங் பூலாயிலிருந்து வரும் சாலையில் சுற்றுலாப் பேருந்து ஒன்று விபத்துக்குள்ளாகி, தாய்லாந்துப் பயணிகள் உட்பட இருபதுக்கு மேற்பட்டோர் மாண்டனர்.

சட்டம் வரும் வரையில் காத்திருக்கலாமே எனில், சட்டம் எப்பொழுது வருகின்றது என்பதற்குத் தமிழ்நாட்டிலிருந்து ஒரு செய்தி. 2012 ஜூலையில் சென்னையை அடுத்த தாம்பரம் பகுதியில், இரண்டாம் வகுப்பு மாணவி ஒருத்தி பள்ளிப் பேருந்தின் தளத்திலிருந்த ஓட்டை வழியாகச் சாலையில் விழுந்து இறந்தாள். சென்னை உயர்நீதிமன்றம் தானே முன்வந்து அவ்வழக்கைக் கையிலெடுத்தது. பள்ளிப் பேருந்துகளுக்கான தமிழ்நாட்டுச் சிறப்பு விதிகள் அவ்வாண்டே பிறந்தன. விதிகள் நல்லவை, அவற்றால் இன்று பல பிள்ளைகள் காக்கப்படுகின்றனர். ஆனால் அவ்வோட்டை விபத்திற்கு முன்பே அங்கு இருந்தது. அதனைக் காணச் சட்டம் தேவையில்லை. குனிந்து பார்க்கும் ஒருவர் போதும்.

வழக்கத்தால் ஆகக்கூடியவை

சட்டம் நின்ற இடத்தில் வழக்கம் தொடர வேண்டும். பெற்றோர், ஓட்டுநர், பள்ளி ஆகிய மூவரும் கூடினால் ஆகாதது இல்லை.

முதலாவது, தலைக்கு ஓரிடம். நான்கு பேர் அமரும் காரில் ஏழு பிள்ளைகளை அடைத்தல் பல இடங்களில் காணும் வழக்கம். அதற்குக் காரணம் ஓட்டுநரின் பேராசை மட்டுமன்று. பெற்றோர் தரும் குறைந்த கூலியும் காரணம். ஏழு பிள்ளைகளின் கூலியில் ஓடும் வண்டி நான்கு பிள்ளைகளோடு ஓடினால், தலைக்கு வரும் கூலி ஏறத்தாழ ஒன்றே முக்கால் மடங்காகும். இதனை மறைத்துப் பேசுதல் பயன் தராது. பெற்றோர் ஆசிரியர் சங்கம் இக்கணக்கை வெளிப்படையாக எடுத்து வைத்து, இரண்டு நடையாக ஓட்டுவதா, செலவைப் பகிர்வதா, வேனுக்கு மாறுவதா என முடிவு செய்தல் வேண்டும். வண்டிக்கும் ஓட்டுநருக்கும் உரிய உரிமமும் காப்பீடும் உண்டா என்பதையும் அக்கூட்டத்திலேயே கேட்டறியலாம்.

இரண்டாவது, பின்னிருக்கை. சிறு பிள்ளைகள் பின்னால் அமர்தலே முறை. காற்றுப்பை உள்ள முன்னிருக்கையில் பின்னோக்கிய குழந்தை இருக்கையை வைத்தல் ஒருபோதும் ஆகாது. விரியும் பை இருக்கையின் முதுகில் அறைந்து உயிரைப் போக்கும். மலைச்சாலையில் வாந்தி வரும் என்று பிள்ளையை முன்னே அமர்த்துவதும், தலையைச் சன்னலுக்கு வெளியே நீட்ட விடுவதும் தவறு. புறப்படுமுன் வயிறு நிறைய உண்ணாமை, தொலைவில் சாலையை நோக்கச் செய்தல், சிறிது காற்றோட்டம், கைக்கெட்டும் இடத்தில் ஒரு பை ஆகியவை போதும். அதற்கு மேலும் இயலாவிட்டால் வண்டியை நிறுத்த வேண்டும். வாரை அவிழ்த்தல் கூடாது.

மூன்றாவது, ஆளுக்கொரு வார். பழைய கார்களில் வாரின் பூட்டு இருக்கை உறைக்கடியில் புதைந்து கிடக்கும். அதனை வெளியே எடுத்து வைக்குமாறு ஓட்டுநரிடம் கேட்பது அவரை இழிவுபடுத்துவதாகாது. இடுப்பு வார் தொடையின் மேற்பகுதியில் படிய வேண்டும்; வயிற்றில் ஏறலாகாது. தோள் வார் தோளின் நடுவே செல்ல வேண்டும். கழுத்தை அறுக்கிறது என்று அதனைக் கக்கத்திற்கடியிலோ முதுகிற்குப் பின்னாலோ தள்ளினால் பயன் போய்விடும். வார் கழுத்தில் விழுகின்றது எனின் பிள்ளைக்கு மேடையிருக்கை வேண்டும் என்பது பொருள். அதன் எளிய வகை எடை குறைந்தது. மூன்று முனை வார் உள்ள எந்தக் காரிலும் வைக்கலாம். வண்டிக்கு வண்டி எடுத்துச் செல்லவும் இயலும். மாதக் கூலிக்கு ஓடும் காரில் இரண்டு மேடையிருக்கைகளை நிலையாக வைத்திருப்பது பெரிய காரியமன்று. பெற்றோர் சேர்ந்து வாங்கினால் ஓட்டுநருக்குச் சுமையில்லை. ஒரு பிள்ளை வளர்ந்துவிட்டால் அடுத்த பிள்ளைக்கு ஆகும்.

நான்காவது, கைக்குழந்தை. இதற்கு மட்டும் குறுக்கு வழி இல்லை. சேலைத் தூளியும் மடியும் வாருக்கு ஈடாகா. தோட்டத்தில் ஓரிரு பின்னோக்கிய இருக்கைகளைப் பொதுவில் வைத்து, மருத்துவமனைக்குச் செல்லும் தாய்க்கு இரவல் கொடுத்து மீட்கலாம். விபத்தில் சிக்கிய இருக்கையை மட்டும் மீண்டும் பயன்படுத்துதல் கூடாது. கல்யாணத்திற்குப் பாத்திரம் இரவல் தரும் ஊரில், குழந்தைக்கு இருக்கை இரவல் தருதல் கைகூடாத காரியமா?

ஐந்தாவது, ஏறுதலும் இறங்குதலும். மலேசியாவில் வண்டி சாலையின் இடப்புறம் செல்வதால், பிள்ளை இடப்பக்கக் கதவு வழியாகவே ஏறி இறங்க வேண்டும். பின்கதவுகளில் உள்ள குழந்தைப் பூட்டைப் போட்டு வைத்தால், வளைவில் எந்தக் கையும் கதவைத் திறவாது. இறங்கிய பிள்ளை வண்டியின் பின்னால் செல்லலாகாது. ஓட்டுநர் கண்ணிற்படும் இடத்தில் நின்ற பின்னரே வண்டி நகர வேண்டும். புத்தகப்பை பெட்டிப் பகுதிக்குள் போகட்டும். பின் கண்ணாடியோரம் வைத்த பையும் மோதலில் பறந்து வரும் கல்லே ஆகும்.

இவற்றுள் பெரும்பாலானவற்றைப் பிள்ளைகளுக்கே கற்பிக்கலாம். ‘அங்கிள், வார் எங்கே?’ என்று ஏழு வயதுப் பிள்ளை கேட்குமாயின், ஓட்டுநர் சினந்து கொள்ள மாட்டார். தேடி எடுத்துக் கொடுப்பார். நன்னெறிப் பாடத்திலும் அறிவியல் பாடத்திலும் இதற்கு இடமுண்டு. எடையும் வேகமும் பற்றிய கணக்கைப் பிள்ளை தானே போட்டுப் பார்த்தால், வீட்டிற்குச் சென்று தாயிடம் சொல்லும்.

முடிவுரை

ஒரு காலத்தில் தோட்டத்திற்குள்ளேயே பள்ளி வேண்டும் என்று சட்டம் சொல்ல வேண்டியிருந்தது. ஏனெனில் அப்பிள்ளைகளைப் பற்றித் தாமாக எண்ணுவோர் குறைவு. இன்று அப்பிள்ளைகளைப் பற்றி எண்ணுவதற்குப் பெற்றோர் ஆசிரியர் சங்கம் உண்டு, படித்த பெற்றோர் உண்டு, பயிற்சி பெற்ற ஆசிரியர் உண்டு. டென்னசி மாநிலத்தில் ஒரு மருத்துவர் மடியின் விலக்கை எதிர்த்து நின்றதைப் போல, டாக்ஸியின் விலக்கைப் பற்றி அரசிடம் எடுத்துரைக்கும் கடமையும் அவர்களுக்கு உண்டு. மாதக் கூலிக்குப் பள்ளிப் பிள்ளைகளை ஏற்றும் வண்டியைத் தெருவில் நிறுத்தும் டாக்ஸியினின்றும் வேறுபடுத்திக் காண்க என்று கேட்பது நியாயமான கோரிக்கையே ஆகும்.

அக்கோரிக்கை நிறைவேறும் நாள் வரையிலும் வண்டி ஒவ்வொரு காலையும் வரும், பிள்ளைகள் ஏறுவர். காப்புப் பருவத்தில் புலவன் தெய்வங்களை ஒவ்வொன்றாக அழைத்துக் குழந்தையைக் காக்க வேண்டினான். மலைச்சாலையில் அக்காப்பின் ஒரு பகுதி மனிதர் கையில் உள்ளது. கதவை மூடுமுன் குனிந்து, ஒவ்வொரு பிள்ளையின் வாரும் பூட்டில் விழுந்ததா என்று இழுத்துப் பார்த்தல் அதன் தொடக்கமாகும்.